ஒரே முட்டை

எங்கள் வளவின் பின்புறம், கொய்யா மரத்தடியில் இரண்டு தேனீப் பெட்டிகள் வைத்திருக்கிறேன். பாடசாலை விட்டு வந்து அஸர் தொழுத பிறகு அவற்றின் பக்கம் ஒருதரம் போய் நிற்பது சில வருடங்களாக என் பழக்கம். வேலிக்கு அந்தப் பக்கம் தாத்தாவின் வீடு. (வெலிமடைப் பக்கத்தில் நாங்கள் மூத்த சகோதரியைத் தாத்தா என்றுதான் அழைப்போம். கிழக்கிலுள்ள வாசகர்கள் ராத்தா என்று வாசித்துக்கொள்ளட்டும்.)

ஒருநாள் பெட்டியைத் திறந்து, சட்டமொன்றை வெளிச்சத்துக்குப் பிடித்துக்கொண்டிருந்தேன். அதில் ராணி நின்றது. அதைச் சுற்றிப் பத்துப் பன்னிரண்டு தேனீக்கள் தலையை உட்புறமாக நீட்டியபடி வட்டமிட்டு நின்றன. தாத்தா கண்ணாடியை முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டு வேலியைக் கடந்து வந்தார்.

“தம்பி, இந்த ராணி தானாத் தின்னாதா?”

“இல்ல தாத்தா. முட்டையிடத் தொடங்கினாப் பொறகு மத்த ஈக்கள்தான் அதுக்குத் தீத்தும்.”

“வாய்க்குள்ளயா?”

“ஓ. வாயோட வாய் வச்சு.”

தாத்தா கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

“அப்ப அது ராணியில்ல தம்பி. கைப்புள்ள.”

நான் சிரித்துவிட்டேன். ஆனால் அன்றைக்குப் பிறகு, ராணி என்ற சொல்லை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் நாக்கு ஒருகணம் நின்றுதான் போகிறது.

மனிதர்கள் இந்தப் பிராணிக்குப் பெயர் வைத்த கதையே ஒரு வேடிக்கை. அரிஸ்டோட்டில் காலத்தில் அதை அரசன் என்றார்கள். அரபு மொழியில் தேனீக்களின் தலைமைக்கு யஃஸூப் என்று பெயர். அதுவும் ஆண்பாற் சொல்தான். பதினேழாம் நூற்றாண்டில் ஒல்லாந்தரான சுவாமர்டாம் அதை அறுத்து, உள்ளே சூலகத்தைக் கண்டு காட்டிய பின்னர்தான் அரசன் பெண் என்பதில் சந்தேகம் தீர்ந்தது. இதை நான் சொன்னபோது, எங்கள் பள்ளிவாசல் மௌலவி வேறொரு விஷயத்தை எடுத்துச் சொன்னார். குர்ஆனின் பதினாறாவது அத்தியாயம் தேனீயின் பெயரைத் தாங்கியது. அதன் 68, 69ஆம் வசனங்களில் தேனீக்கு இடப்படும் கட்டளைகள் மூன்றும், வீடமைப்பதும் உண்பதும் வழி நடப்பதும், பெண்பால் வினைகளில் அமைந்தவை. “அரபு இலக்கணப்படி அப்படியும் வரலாம், அதை வைத்துப் பெரிதாகப் பேசத் தேவையில்லை சேர்” என்று அவரே அடக்கமாகச் சொல்லியும் வைத்தார். எனக்கு அதைவிட அந்த உண்ணும் கட்டளைதான் மனதில் தங்கியது. ஏதோ ஒரு பூவில் அல்ல, எல்லாக் கனிகளிலுமிருந்து உண்ணும்படிதான் அங்கே சொல்லப்படுகிறது. அதன் பொருளை நான் விளங்கிக்கொண்டது, என் முதற் கூட்டைப் பறிகொடுத்த பிறகு.

தேனீ வளர்க்க நான் கற்றது பிந்துனுவெவவில். அந்தப் பெயரைக் கேட்டதும் நம்மில் பலருக்கு 2000ஆம் ஆண்டு ஒக்டோபரில் அங்கிருந்த தடுப்பு முகாமில் தமிழ் இளைஞர்கள் கொல்லப்பட்டதுதான் நினைவுக்கு வரும். எனக்கும் அப்படித்தான். அதே ஊரில்தான் விவசாயத் திணைக்களத்தின் தேனீ வளர்ப்புப் பிரிவும் இருக்கிறது. அங்கே சொல்லித் தந்தவர்கள் ஒழுங்காகத்தான் சொல்லித் தந்தார்கள். நான்தான் அரைகுறையாகக் கேட்டுக்கொண்டு வந்தேன்.

மழை பிடித்துக்கொண்ட ஒரு பருவம். டர்பன்டைன் மரங்களில் பூ முடிந்துவிட்டது. பூவில்லாத காலத்தில் சீனிப்பாகு வைக்கவேண்டும் என்பது மட்டும் நினைவிலிருந்தது. வீட்டிலிருந்த சிவப்புச் சீனியைக் கரைத்துச் சிரட்டையில் ஊற்றி, பட்டப்பகலில், பெட்டியின் வாசலுக்கு முன்னால் வைத்தேன். முதலில் எறும்பு வந்தது. பிறகு வேறு கூட்டுத் தேனீக்கள் கொள்ளையடிக்க வந்தன. வாசலில் சண்டை மூண்டு செத்த ஈக்கள் சிதறிக் கிடந்தன. உள்ளேயிருந்தவற்றுக்கு வயிற்றோட்டம், சட்டமெல்லாம் மஞ்சட் கறை. வெள்ளைச் சீனியைத்தான் கரைக்கவேண்டும், பொழுதுபட்ட பின்னர் பெட்டிக்கு உள்ளேதான் வைக்கவேண்டும், ஈக்கள் மூழ்கிவிடாதபடி பாகின் மேல் சிறு குச்சிகளை மிதக்க விடவேண்டும் என்பதெல்லாம் கொப்பியில் எழுதியிருந்தேன். கொப்பியைத் திறந்து பார்த்தது பிறகுதான்.

தவறுகளைத் திருத்திக்கொண்டு ஒழுங்காகப் பாகு வைத்தேன். அப்படியிருந்தும் ராணி முட்டையிடுவதைக் குறைத்துக்கொண்டே வந்தது. ஒருநாள் நின்றேவிட்டது. சாப்பாடு நிறைய இருக்கிறதே, பிறகு ஏன் என்று விளங்காமல் நின்றேன்.

வேலிக்கு அந்தப் பக்கம் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டிருந்த தாத்தாதான் சொன்னார்: “முந்தியெல்லாம் வாறதுகள்ற கால்ல மஞ்சள் உருண்ட ஒண்டு ஈக்கும் தம்பி. இப்ப ஒண்டுலயும் காணல்ல.”

அந்த மஞ்சள் உருண்டை மகரந்தம். சீனி வெறும் எரிபொருள்தான். அதிலிருந்து உடலைக் கட்ட முடியாது. ராணிக்கு ஊட்டப்படும் பாலும் சீனியிலிருந்து வருவதல்ல. இளம் வேலைக்காரத் தேனீக்கள் மகரந்தத்தைத் தின்று, தங்கள் தலைக்குள் இருக்கும் சுரப்பிகளில் அதைப் பாலாக்குகின்றன. வெண்மையான, கொஞ்சம் புளிப்பான கூழ் அது. மூன்றில் இரண்டு பங்கு தண்ணீர். மிகுதியில் முக்கியமானவை புரதமும் சர்க்கரையும் சிறிது கொழுப்பும். அரசக் கூழ் என்று புத்தகங்கள் சொல்வது இதைத்தான். ஒரு தாய் தன் உடம்பிலிருந்து பால் கொடுப்பதைப் போலத்தான் அவை கொடுக்கின்றன. கொடுக்கும் ஈக்கு மகரந்தம் இல்லையென்றால் சுரப்பி வற்றும். சுரப்பி வற்றினால் ராணிக்குப் பாலில்லை. பாலில்லையென்றால் முட்டையில்லை. ராணியின் பசியைத் தீர்க்க நினைக்கும் ஒருவன் முதலில் பார்க்கவேண்டியது ராணியையல்ல, அதற்கு ஊட்டுகிறவற்றின் பசியை. அதுவும் ஒரே வகைப் பூவின் மகரந்தம் போதாது. ஒன்றில் இல்லாத சத்து இன்னொன்றில் இருக்கும். எல்லாக் கனிகளிலுமிருந்து என்பதை அப்போதுதான் யோசித்தேன்.

யோசிப்பதற்குள் கூடு போய்விட்டது. நம் நாட்டுத் தேனீயின் குணம் அது. பசியென்றால் மிச்சத்தைத் தின்று முடித்துவிட்டு, ராணியையும் கூட்டிக்கொண்டு ஊரை விட்டே கிளம்பிவிடும். ஒரு காலை போய்ப் பார்த்தேன். பெட்டி வெறுமையாக இருந்தது.

இரண்டாவது கூட்டுக்குத் தாத்தாவும் நானும் சேர்ந்துதான் தீனி வைத்தோம். மழைக்காலத்தில் சோயா மாவைத் தேனில் குழைத்து, ரொட்டிபோலத் தட்டையாகத் தட்டி, எண்ணெய்த்தாளில் வைத்துச் சட்டங்களின் மேல் வைப்பார். அந்தத் தேன் எங்கள் பெட்டியிலேயே எடுத்து வைத்ததாக இருக்கவேண்டும். வேறிடத்துத் தேனில் புழுக்களைக் கொல்லும் நோய் வந்து சேரலாம். மாக் குழைக்கும் பதம் எனக்கு ஒருநாளும் வந்ததில்லை. தாத்தாவின் கைக்கு அது முதல் நாளே வந்தது.

அந்தக் கூட்டின் ராணியை நான்தான் கொன்றேன். கையில் ஒன்று கொட்ட, சட்டத்தை நழுவவிட்டுவிட்டேன். ராணி நசுங்கிவிட்டது. இனி இந்தக் கூடும் போய்விடும் என்று சோர்ந்திருந்தேன். நான்கைந்து நாள் கழித்துத் திறந்து பார்த்தபோது, அடையின் ஓரத்தில் கச்சான் கொட்டை தலைகீழாகத் தொங்குவது போல ஐந்து அறைகள். வேலைக்காரத் தேனீயாக வளர்ந்துகொண்டிருந்த புழுக்களில் சிலவற்றைத் தெரிந்தெடுத்து, அவற்றின் அறைகளை நீட்டிக் கட்டி, பாலை நிரப்பத் தொடங்கியிருந்தன. புழு பாலில் மிதந்துகொண்டுதான் இருக்கும்.

தாத்தாவுக்கு இதைக் காட்டி விளக்கினேன். ராணிக்கென்று தனி முட்டை கிடையாது. ஆண் தேனீயின் முட்டைதான் வேறு. ராணியும் வேலைக்காரியும் ஒரேவகை முட்டையிலிருந்துதான் வருகின்றன. மூன்றாம் நாள் முட்டை பொரித்துப் புழுவாகும். வேலைக்காரிப் புழுவுக்கு முதல் மூன்று நாள்தான் பால்; அதன் பிறகு தேனும் மகரந்தமும் கலந்த சாதாரணச் சாப்பாடு. ராணிப் புழுவுக்குக் கடைசிவரை பால். ஊட்டத்தில் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான். அதனால் ஒன்று 16 நாளளவில் வெளியே வந்து இரண்டு மூன்று வருடம் வாழ்ந்து நாளொன்றுக்கு நூற்றுக்கணக்கில் முட்டையிடுகிறது. மற்றது இன்னும் சில நாள் பிந்தி வந்து, வேலை மிகுந்த காலத்தில் ஆறு வாரத்தில் சிறகு கிழிந்து செத்துப்போகிறது.

“அப்ப இந்த அஞ்சும் வேலைக்காரியாப் போகவேண்டியதுகளா?”

“ஓ தாத்தா. மூணு நாளைக்குள்ள எடுத்துட்டா மாத்தலாம்.”

“மூணு நாள் கழிச்சு?”

“ஏலாது. அதுக்குப் பொறகு பால் குடுத்தாலும் முழு ராணியா வராது.”

தாத்தா அறைகளை எண்ணுவதுபோல ஒவ்வொன்றாகப் பார்த்தார். “எனக்கு எட்டாம் வகுப்பு வரைக்கும் குடுத்தாங்க” என்றார். பகிடியாகத்தான் சொன்னார். சொல்லிவிட்டு அடுப்பில் சோறு கிடக்கிறதென்று போய்விட்டார்.

தாத்தா என்னைவிட நாலு வயது மூத்தவர். 1990இல் நான் ஐந்தாம் ஆண்டுப் புலமைப்பரிசில் பரீட்சை எழுதினேன். அதே வருடம்தான் தாத்தாவின் படிப்பு நின்றது. எங்களூர்ப் பாடசாலையில் அப்போது எட்டாம் வகுப்பு வரைதான். மேலே படிக்க பஸ்ஸில் போகவேண்டும். பெரிய பிள்ளையாகிவிட்ட பெண்ணைப் பஸ்ஸில் அனுப்ப வாப்பாவுக்கு மனமில்லை. உம்மா கடைசித் தம்பியைப் பெற்று நோயில் கிடந்தா. காரணங்கள் எல்லாம் உண்மையானவைதான். இரண்டு வருடத்தின் பின் நான் அதே பஸ்ஸில் போனேன். பிறகு விடுதி. பிறகு ஆசிரியர் கலாசாலை.

எங்களுக்குள் யார் கெட்டிக்காரர் என்றால், சந்தேகமில்லாமல் தாத்தாதான். எனக்குப் பின்னக் கணக்குச் சொல்லித் தந்தவர் அவர். இரவல் வாங்கிவந்த கதைப்புத்தகங்களை என்னைவிட வேகமாக வாசித்து முடிப்பார். எட்டாம் வகுப்புவரை அவருக்கும் எனக்கும் ஒரே மாதிரித்தான் கிடைத்தது, அதன் பிறகுதான் பிரிந்தோம் என்று நான் நீண்ட காலம் நம்பியிருந்தேன். அந்த நம்பிக்கை எனக்கு வசதியாகவும் இருந்தது.

தாத்தா பகிடியாகச் சொன்ன அன்றிரவு, தேனீ பற்றி என்னிடமிருந்தவற்றையெல்லாம் எடுத்து மறுபடி வாசித்தேன். முதல் மூன்று நாளும் எல்லாப் புழுக்களுக்கும் ஒரே பால் என்பது பழைய பாடப்புத்தகக் கணக்கு. பின்னால் வந்த ஆய்வாளர்கள் அளந்து பார்த்தபோது, தொடக்கத்திலிருந்தே வித்தியாசம் இருப்பதைக் கண்டிருக்கிறார்கள். ராணியறைக்குப் போகும் பாலின் அளவு கூட. அதில் சர்க்கரையும் கூட. நான் தாத்தாவுக்குச் சொன்னது பிழை.

வாசித்துக்கொண்டிருக்கும்போதே முட்டை நினைவுக்கு வந்தது. கோழி முட்டை. வீட்டில் நாலைந்து கோழிகள் இருந்தன. முட்டைகள் கடைக்குப் போகும். ஒன்று மட்டும் வீட்டில் நிற்கும். அதை அரை அவியலாக அவித்து, உப்பும் மிளகுத்தூளும் தூவி, படிக்கிற பிள்ளை என்று எனக்குத் தருவார்கள். பரீட்சைக்காக அல்ல. நான் முதலாம் வகுப்புக்குப் போகத் தொடங்கிய நாளிலிருந்தே அப்படித்தான். அந்த நாட்களில் தாத்தாவும் படிக்கிற பிள்ளைதான். தாத்தாவுக்கு ஏன் முட்டையில்லை என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. உம்மா நோயில் விழுந்த பிறகு, அந்த முட்டையை அவித்து, உடைத்து, மிளகு தூவி என் முன்னால் வைத்தது தாத்தா.

ஒரே முட்டையிலிருந்து இரண்டு பிறவிகள் எப்படி உருவாகின்றன என்பதை விஞ்ஞானிகள் இன்னும் தேடிக்கொண்டுதான் இருக்கிறார்கள். 2008இல் அவுஸ்திரேலிய ஆய்வாளர்கள், புழுவின் மரபணுக்களை அடக்கிவைக்கும் ஒரு நொதியின் உற்பத்தியைத் தடுத்தபோது, அரசக் கூழ் மட்டும் செய்யும் என்று நம்பிய வேலை அதனாலும் நடந்தது. புழுக்களிற் பல ராணியாக வளர்ந்தன. 2011இல் ஜப்பானிய ஆய்வாளர் கமகுரா, அரசக் கூழிலுள்ள ஒரு புரதமே காரணம் என்றார். மற்றவர்கள் பிறகு அதை மறுத்தார்கள். என்னை உலுக்கியது 2015இல் இல்லினோய் பல்கலைக்கழகத்திலிருந்து வந்த ஆய்வு. தேனிலும் மகரந்தத்திலும் கூமாரிக் அமிலம் என்று ஒன்று இருக்கிறது. அரசக் கூழில் அது இல்லை. அதை உண்ட புழுவுக்குச் சூலகம் சரியாக வளர்வதில்லை. அப்படியென்றால் ராணியை ஆக்குவது அதற்குக் கொடுக்கப்பட்டது மட்டுமல்ல. அதற்குக் கொடுக்கப்படாததும்தான்.

எனக்கு எவையெல்லாம் கொடுக்கப்படவில்லை என்று கணக்கெடுத்தேன். விடிவதற்கு முன் பீலியில் தண்ணீர் பிடிக்கும் வேலை எனக்குக் கொடுக்கப்படவில்லை. விறகு பொறுக்கும் வேலை, தம்பியை இடுப்பில் சுமக்கும் வேலை, உருளைக்கிழங்கு கிளறும் நாட்களில் பத்துப் பேருக்குச் சமைக்கும் வேலை, ஒன்றும் இல்லை. பயமும் கொடுக்கப்படவில்லை, இருட்டிய பிறகு வந்தாலும் எங்கே போனாய் என்று என்னை யாரும் கேட்டதில்லை. அவையெல்லாம் தாத்தாவின் தட்டில் விழுந்தன. என் கெட்டித்தனம் என்று நான் நினைத்திருந்ததில் எத்தனை பங்கு இந்த இல்லாமைகளால் வந்தது என்று பிரித்துச் சொல்ல எனக்கு இன்றும் முடியவில்லை.

வாப்பாவையும் உம்மாவையும் குற்றவாளிகளாக நிறுத்துவதற்காக இதை எழுதவில்லை. இருவரும் மௌத்தாகிவிட்டார்கள், அல்லாஹ் அவர்களுக்கு அருள் புரியட்டும். இருந்தது ஒரு முட்டை. ஆனால் தேன்கூட்டுக்கு ஒரு ராணி போதும். இரண்டு இருந்தால்தான் கூட்டுக்குக் கேடு. வீட்டுக்கு அந்த விதி இல்லை. முட்டையைப் பாதியாக வெட்டியிருக்கலாம். அப்படி வெட்டிய வீடுகளும் எங்களூரில் இருந்தன.

என் தொழிலைப் பற்றியும் சொல்லத்தான் வேண்டும். வருடா வருடம் தரம் 5 வகுப்பில் வெட்டுப்புள்ளியைத் தாண்டக்கூடிய பிள்ளைகள் என்று ஒரு பெயர்ப்பட்டியல் எழுதியிருக்கிறேன். பட்டியலில் உள்ளவர்களுக்கு முன்வரிசை, பின்னேர வகுப்பு, விசேட வினாத்தாள். மற்றவர்கள் ஓவியம் கீறிக்கொண்டிருப்பார்கள். அல்லது வகுப்பைக் கூட்டுவார்கள். பட்டியல் எழுதும்போது எந்தப் பிள்ளை வீட்டில் தண்ணீர் பிடித்துவிட்டு வருகிறது என்று நான் விசாரித்ததில்லை. இந்த முறை பட்டியல் எழுதவில்லை. பின்னேர வகுப்புக்கு எல்லோரையும் மறித்தேன். கற்பிப்பது முன்னரைவிடக் கஷ்டமாக இருக்கிறது. பெறுபேறு குறையும் என்கிறார் அதிபர். குறையலாம்.

நசுங்கிய ராணியின் கூட்டுக்கு என்ன நடந்தது என்று சொல்லவில்லையே. ஐந்து அறைகளில் ஒன்றிலிருந்து ராணி வெளியே வந்தது. மற்ற நான்கும் பக்கவாட்டில் கிழிந்து கிடந்தன. முதலில் வருவது மற்றவற்றைக் கொட்டிக் கொன்றுவிடும். சில நாளில் வெளியே பறந்து ஆண் தேனீக்களோடு கூடித் திரும்பி வந்து முட்டையிடத் தொடங்கியது. முதல் முட்டையைக் கண்டது தாத்தாதான். அறையின் அடியில் வெள்ளை நூல் துண்டுபோல நிமிர்ந்து நிற்கும்; என் கண்ணுக்கு அது இலேசில் படாது.

மூன்று நாட் கணக்கு பிழை என்பதை அன்றைக்கு அவரிடம் சொன்னேன். தொடக்கத்திலிருந்தே வித்தியாசம் காட்டித்தான் கொடுக்குமாம் என்றேன். முட்டையைப் பற்றியும் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவர், “அது எனக்குத் தெரியுமே தம்பி” என்றார். தேனீயைச் சொன்னாரா வேறெதையும் சொன்னாரா என்று நான் கேட்கவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அவரே சொன்னார்: “அடுத்தமுற கூட்ட ரெண்டாப் பிரிக்கக்குள்ள ஒண்ட எனக்குத் தா.”

“கொட்டும் தாத்தா. தனியாப் பாக்க ஏலுமா?”

“ஒன்னய வளத்தேனே. ஈய வளக்க ஏலாதா?”

இப்போது கொய்யா மரத்தடியில் வலப்பக்கம் இருப்பது தாத்தாவின் பெட்டி. பாகு வைத்த நாள், மஞ்சள் உருண்டை வந்த நாள், ராணியைக் கண்ட நாள் என்று பேரப்பிள்ளையின் பழைய கொப்பி ஒன்றில் எழுதி வருகிறார். 1990இல் நின்ற அதே வட்டமான, சாய்வில்லாத எழுத்து. எனக்குச் சந்தேகம் வரும்போது வேலியைக் கடந்து போய் அந்தக் கொப்பியைத்தான் கேட்டு வாங்கிப் பார்க்கிறேன்.